இரண்டு விரல் குறைவு

மேற்குப் பார்த்த வீடு என்று
வாடகை ஒப்பந்தத்தில் எங்கும் எழுதவில்லை.
பெண்டில் ஹில், இரண்டாம் மாடி, நவம்பர்.
படுக்கை, மேசை, அடுப்பு எல்லாம் ஒரே அறை,
ஒரு சுவர் முழுக்கப் பால்கனிக் கண்ணாடி.
இரவெல்லாம் முதியோர் இல்லத்தில்
பதினொரு பேரைப் புரட்டிப் படுக்கவைத்துவிட்டு வந்து
நான் படுக்கிறபோது
பகல் எழுந்து உட்காருகிறது.
ஒரு மணிக்கெல்லாம் வெயில்
என் முழங்காலைத் தொட்டுப் பேச்சுக் கொடுக்கும்.

கறுப்புத் திரை போட்டுப் பார்த்தோம்.
அறை இட்லிப் பானையானது.

கடைசியில் குணாளன் ஒரு சுருள் வாங்கி வந்தான்.
வெள்ளி நிற ஃபிலிம், நாற்பத்தெட்டு டாலர்.
ஏஜென்ட் லோரெய்ன் எழுதினாள்:
ஒட்டலாம், போகும்போது உரித்துவிட வேண்டும்.
எப்போது போவோம் என்று
அவளும் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை.

இருவருக்கும் சேர்ந்து விடுமுறை
மாதத்தில் ஒரே ஒரு ஞாயிறு.
அந்த ஞாயிறை எடுத்துத்தான்
கண்ணாடியில் ஒட்டினோம்.

பிளேடால் சுரண்டினோம்.
முன்பிருந்த வீட்டுப் பிள்ளை ஒட்டிய டைனோசரில்
ஒரு கால் மட்டும் கடைசிவரை வரவில்லை.
குழந்தை ஷாம்பூ இரண்டு சொட்டு, ஸ்ப்ரே பாட்டிலில் தண்ணீர்.
ஃபிலிமின் மூலையில்
முன்னால் ஒரு செலோடேப், பின்னால் ஒரு செலோடேப்,
எதிரெதிரே இழுத்தால் தோலிலிருந்து தோல் பிரியும்.
“இழுக்காதே, விடு.”
“விடாதே, இழு.”
மூன்று வாரத்தில் நாங்கள் பேசிய நீளமான பேச்சு அதுதான்.

துணி சுற்றிய பழைய வங்கி அட்டையால்
நடுவிலிருந்து ஓரத்துக்கு, நடுவிலிருந்து ஓரத்துக்கு
தள்ளிக்கொண்டே போனேன்.
குமிழிகள் ஓடின. சில ஓடவில்லை.
ஒன்றுக்குள் என் முடி ஒன்று,
வளைந்து, பாதி நரைத்து,
இனி வாடகைதாரராக.

அளந்தது அவன். வெட்டியது நான்.
அடியில் இரண்டு விரல் குறைந்தது.
யார் தவறென்று ஐந்து நிமிடம். பிறகு தேநீர்.

வெளியிலிருந்து எப்படித் தெரிகிறதென்று
பால்கனிக்குப் போனவன்
கண்ணாடியில் தன்னைக் கண்டான்.
உள்ளே ஒரு முழ தூரத்தில் நான் நிற்பது
அவனுக்குத் தெரியாது.
வயிற்றை உள்ளே இழுத்தான், விட்டான்.
வாயைப் பிளந்து கடைவாய்ப் பல்லைத் தேடினான்.
பிறகு சும்மா நின்றான்.
அவ்வளவு களைத்த முகத்தை
என் முன்னால் அவன் ஒருநாளும் போட்டதில்லை.
தட்டக் கையை எடுத்தேன்.
தட்டவில்லை.

திங்கட்கிழமை நன்றாகத்தான் தூங்கினேன்,
நாற்பது நிமிடம்.
டொக்.
டொக் டொக்.
கறுப்பும் வெள்ளையுமாய் ஒரு பீவீக் குருவி
கைப்பிடிக் கம்பியிலிருந்து பாய்ந்து
கண்ணாடிக்குள் இருந்த இன்னொரு பீவீயைக் கொத்தியது.
அதற்குக் கூடு கட்டும் காலம்,
எல்லையில் அந்நியன் நிற்கிறான்,
அதுவும் அதே மீசை முறுக்கோடு.
ஃபிலிமுக்கு அப்பால் சாம்பல் நிறச் சண்டை.
அடியில் அந்த இரண்டு விரல் இடைவெளியில் மட்டும்
அசல் வெளிச்சத்தில் இரண்டு கறுப்புக் கால்கள்,
முன்னும் பின்னும், முன்னும் பின்னும்.
எழுந்து கை வீசினேன்.
அதன் கணக்கில் நான் இல்லை.

மிச்சமிருந்த ஷாம்பூத் தண்ணீரை
வெளிப்புறமாக அடித்து
கீழ்ப் பாதியில் செய்தித்தாள் ஒட்டினேன்.
வீட்டு விற்பனைப் பக்கம்.
குருவி வந்து விலைகளைப் பார்த்துவிட்டுப் போய்விட்டது.

ஒன்பதேகால் மணி.
அவன் வந்ததும் நான் கிளம்பி
எதிர்ப்பக்கப் பேருந்து நிறுத்தத்திலிருந்து நிமிர்ந்து பார்த்தேன்.
பகலெல்லாம் மறைத்த வெள்ளி
இருட்டினால் கட்சி மாறும் என்று
சுருள் வந்த பெட்டியில் போடவில்லை.
விளக்கெரிய, எங்கள் அறை
அப்படியே தெருவில் இருந்தது.
குணாளன் நின்றுகொண்டே சாப்பிட்டான், சட்டியிலிருந்தே.
வாயில் சோற்றோடு கண்ணாடியருகே வந்து
என் முடி சிக்கிய இடத்தைக் கண்டுபிடித்து
கட்டைவிரலால் மெல்ல, ஓரத்தை நோக்கி.

அது வராது.
பேருந்து வந்தது.
அவன் இன்னும் தள்ளிக்கொண்டிருந்தான்.