மூன்றில் ஒரு பங்கு

மொம்பாசா நெடுஞ்சாலையை ஒட்டிய மாகிண்டு கோர்ட்டில்
வாயாக இருப்பது என் உத்தியோகம்.
வக்கீல்கள் ஆங்கிலத்தில் கேட்பதைக் கம்பா மொழியில் இறக்கி
சாட்சி சொல்வதை மறுபடி ஏற்ற வேண்டும்.
சொந்தமாக ஒரு சொல்லும் சேர்க்கக் கூடாது.
லாரிக்காரர்களும் அப்படித்தான்,
மூட்டைக்குள் என்னவென்று பார்ப்பதில்லை.

செவ்வாய்க்கிழமை, பதினோராவது வழக்கு.
சியோம்புவா, வயது முப்பத்தொன்று,
கூண்டில் ஏறுமுன் செருப்பைக் கழற்றிவிட்டாள்.
யாரும் கழற்றச் சொல்லவில்லை.

புருஷன் கீலு. பைக்கில் ஆள் ஏற்றிப் பிழைத்தவன்.
அவள் தக்காளி விற்கும் கடைக்கு நேர் எதிரே
விளக்கில்லாத டிரெய்லர் ஒன்று
இரவு எட்டரைக்கு அவனைக் கவனிக்கவில்லை.

காப்பீட்டுக் கம்பெனி வக்கீல் முலாட்யா நல்ல மனிதர்,
கைக்குட்டைக்குள்தான் இருமுவார்.
சம்பளச் சீட்டு உண்டா என்றார்.
பைக்குக்கு ஏது சீட்டு?
அப்படியானால் தொழில் தெரியாத கூலி என்று எழுதலாம் என்றார்.
இறக்கினேன்.
"தொழில் தெரியாதவனா?
தெருமுனையில் வண்டி திரும்பும்போதே
சத்தத்தை வைத்து எந்த வால்வு போயிருக்கிறதென்பான்."
ஏற்றினேன். தட்டச்சு ஓடவில்லை.

சவப்பெட்டிக்கு ரசீது?
தச்சனுக்கு எழுத வராது.
சாவுக்கு அடித்த ஆட்டுக்கு?
ஆடு எங்களுடையது,
என் ஆட்டுக்கு நானே ரசீது போடலாமா என்றாள்.
கேலியில்லை. நிஜமான சந்தேகம்.

பிறகு அந்தக் கேள்வி.
"உடனே உயிர் போனதா, கொஞ்ச நேரம் இருந்தாரா?"
வலிக்கென்று தனித் தொகை இருக்கிறது.
நொடியில் செத்தால் சொற்பம்;
துடித்துக் கிடந்தால் கொஞ்சம் கூடும்.
இதை எந்தக் குரலில் இறக்குவது?
பதினாறு வருடத்தில்
தொண்டையைச் செருமிக்கொள்ள மட்டும் கற்றிருக்கிறேன்.

நெடுநேரம் தன் கால்விரல்களைப் பார்த்தாள்.
"பேசினான்.
ஓடிப்போய்த் தலையை மடியில் வைத்தேன்.
இஞ்சினை அணை, பெட்ரோல் வீணாகிறது என்றான்.
அணைத்துவிட்டு வந்தேன்."

எழுந்து போக, சாவியைத் திருப்ப, திரும்பி வர
எத்தனை நிமிடம் என்று வக்கீல்கள் வாதாடினார்கள்.
ஐந்து என்று முடிவானது.

அப்புறம் கணக்கு.
இன்னும் இருபது வருடம் உழைத்திருப்பார்;
வேறெதிலாவது செத்தும் போயிருக்கலாம், ஆகவே பதினேழு.
வந்த தொகையில் மூன்றில் ஒரு பங்கைக் கழிக்க.
உயிரோடிருந்தால் அது அவருடைய சொந்தச் செலவு.

"சொந்தச் செலவா?"
விரல் மடக்கினாள்.
காலையில் ஒரு சாயா.
வெள்ளிக்கிழமை மந்தாசி ஒன்று,
அதிலும் பாதியைத் தாளில் சுற்றிக் கொண்டுவருவான்.
பழைய துணிச் சந்தையில் ஒரே ஒருமுறை சிவப்பு ஜாக்கெட்.
அதைப் போட்டுத்தான் புதைத்தோம்.
நாலாவது விரல் மடங்கவில்லை.
அப்படியே நின்றது.

"கேளுங்கள்," என்றாள், என்னைப் பார்த்து,
"அவன் தின்னாத அந்தப் பங்கை
இப்போது யார் தின்பது?"

ஏற்றினேன். முழுதாக, ஒரு சொல் கூட்டாமல்.
மாஜிஸ்திரேட் அம்மா பேனா மூடியைத் தேடினார்.
முலாட்யா இருமினார்.
கழிவு கழிவாகவே நின்றது.
அடுத்து ஒரு வேலித் தகராறு.

வெளியே ஒற்றைச் செருப்போடு நின்றிருந்தாள்.
மற்றதைக் கூட்டம் எங்கோ தள்ளியிருந்தது.
பெஞ்சுக்கடியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன்.
இருவரும் ஒன்றும் பேசவில்லை.

சாயங்காலம் மட்டாட்டுவில் ஜன்னலோர இடம்.
வளைவில் டிரைவர் ஒரு டேங்கரை முந்தினான்.
எல்லாரும் கம்பியைப் பிடித்துக்கொள்ள
நான் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன்:
வயது நாற்பத்திநாலு. சம்பளச் சீட்டு உண்டு.
பெருக்கப் பதினொன்று.
கழிக்க,
தொண்டைக்கு இஞ்சி மிட்டாய்,
மாதம் ஒருமுறை தலைக்குச் சாயம்,
வறுத்த நிலக்கடலை.
எப்படிக் கூட்டினாலும் மூன்றில் ஒன்று வரவில்லை.

கடலைப் பொட்டலம் மடியில் இருந்தது,
பையனுக்கு வாங்கியது.
பிரித்து, இறங்கும்வரை
நானே தின்றுகொண்டு வந்தேன்.