பதினொன்று நாற்பத்திரண்டு

காலக் கட்டுப்பாட்டு இலாகாவின் பினாங்குக் கிளை
சாய்ந்த மணிக்கூண்டுக்குப் பின்னால், மூன்றாம் மாடி.
லிப்ட் இரண்டில்தான் நிற்கும்.
ஆறாம் எண் முகப்பில் நான்.
போன நேரத்தைக் கேட்டு வருபவர்களுக்குப்
பதினாறு வருடமாகப் பாரம் கொடுக்கிறேன்.

பச்சை, ஒரு மணி நேரத்துக்குள் திருத்தம்.
மஞ்சள், ஒரு நாளுக்குள்.
அதற்கு மேலென்றால் கோலாலம்பூர் போக வேண்டும்.
காரணம் என்ற கட்டத்தில்
முக்கால்வாசிப் பேர் எழுதுவது:
ஒரு வார்த்தை சொல்லிவிட்டேன்.

பின்னறை இரும்பு அலமாரிக்குள்
ஓர் அரைமணி நேரம் இருக்கிறது.
எண்பத்தொன்று டிசம்பர் முப்பத்தொன்று
இரவு பதினொன்றரைக்கு
தீபகற்பமே முள்ளைத் தள்ளிப்
பன்னிரண்டு என்று வைத்துக்கொண்டதே,
அதில் மிஞ்சியது.
யாரும் கேட்டு வந்ததில்லை.
பங்கு பிரித்தால் ஆளுக்கு
ஒரு கண்ணிமைப்பில் ஆயிரத்தில் ஒன்றுகூடத் தேறாது.

போன செவ்வாய் வந்தார்
குணாளன் த/பெ சன்னாசி.
பிறை தொழிற்பேட்டையில் போர்க்லிப்ட் ஓட்டுபவர்.
கண்ணாடிக்கு அடியில் பிறப்புப் பத்திரத்தைத் தள்ளினார்.
31-12-1981. இரவு 11.42.

புவான் ரொஸ்னா மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தார்.
அன்று அப்படி ஒரு நேரமே இல்லையே.
பிரசவ வார்டு மிஸி
கடிகாரத்தைத் திருப்ப மறந்திருக்கிறாள்.
நீங்கள் மறுநாள், மறுவருடம்,
பன்னிரண்டு பன்னிரண்டுக்குப் பிறந்தவர்.

"இருக்கலாம் புவான்.
அம்மாவுக்கு வலி எடுத்தது பழைய நேரத்தில்.
நான் விழுந்தது எதிலேன்னு
அவங்களுக்கே தெரியாது."

ஜாதகம் கணிக்க உட்கார்ந்த மூவரும் கையை விரித்தார்களாம்.
மூன்று சம்பந்தம் தேநீரோடு நின்றது.
ஒரு வருடம் முந்திப் பள்ளிக்கூடம்;
குள்ளம் என்பதால் எப்போதும் முதல் பெஞ்சு.
இப்போது சேமநிதிக் கணினியும்
அந்த எண்ணைத் துப்புகிறது.
எந்தப் பாரம் வேண்டும் என்றேன்.
"திருத்தமெல்லாம் வேணாம்.
அந்த ஒரு நிமிஷத்தைப் பார்க்கணும்."

அலமாரியில் அது இல்லை.
எனக்குத் தெரியும்.

பட்டர்வொர்த்தில் பெர்ரிக் கதவை இழுத்த காலையில் ஒரு நிமிடம்.
மகளின் காய்ச்சல் நாற்பதைத் தொட்ட இரவு,
டாக்சி வரும்வரை ஒன்று.
கணவன் வாசலில் செருப்பு மாட்டிய அன்று
சேர்ந்தாற்போல் இரண்டு; அவை பலிக்கவில்லை.
இப்படிப் பன்னிரண்டு செலவு,
ரொட்டி வெட்டுவதுபோல் முனையிலிருந்து வரிசையாக.
பதின்மூன்றாவது
என் கைப்பையில்
பெனடோல் அட்டைக்கும் வங்கி அட்டைக்கும் நடுவே
இரண்டு மாதமாகக் கிடக்கிறது.
செலவழிக்காததற்குக் காரணம் சோம்பல். நேர்மை இல்லை.

புவான் 'நிராகரிக்கப்பட்டது' முத்திரையைக் குத்தினார்.
அவர் "தேரிமா காசே" என்று சொல்லிவிட்டுப் போனார்.
கழிவறைக்குப் போவதாக எழுந்தேன்.
லிப்டுக்காக இரண்டாம் மாடிக்குப்
படியிறங்கிக்கொண்டிருந்தார்.
திருப்பத்தில் நிறுத்தி
கையில் வைத்துத் திறந்தேன்.

டெட்டால் வாசனை.
மேசை விசிறியில் ஏதோ தட்டுப்படும் சத்தம்.
துறைமுகக் கப்பல்கள்
புத்தாண்டுக்கு ஊதி முடித்து ஓய்ந்திருந்தன.
ஒரு பெண் பல்லைக் கடித்துக்கொண்டு
யாரையோ கெட்ட வார்த்தையில் திட்டினாள்.
அவர் சிரித்துவிட்டார்.
"அம்மாதான்."
இன்னொரு முறை திட்டினாள்.
அறுபது வினாடி முடிந்தது.

அழுகைச் சத்தம் வரவில்லை.

மூடிய என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.
"அப்போ மிஸி கடிகாரம் அதுலயும் தப்பு.
நாப்பத்துமூணா இருக்குமோ?"
பதில் சொல்ல எனக்கு அதிகாரமில்லை.
வெள்ளிக்கிழமை லீவு போட முடியுமா பார்க்கிறேன் என்று
லிப்டுக்குள் போனார்.

நான் மேலே ஏறி
நாற்பத்துமூன்று முழுசாக இருக்கிறதா என்று பார்த்தேன்.
பூட்டினேன்.
மறுநாள் கண்ணெதிரே பெர்ரி போனது.
அடுத்தது வரும்வரை
ஜெட்டியில் நின்றுகொண்டிருந்தேன்,
எல்லோரையும் போல.