ஏறுகிற வண்டிக்கு வழி

பூம்பாறை தாண்டியதும் சாலை நின்றுவிட்டது.
வண்டி மட்டும் போய்க்கொண்டிருந்தது.

அருளப்பன் பெரிய விளக்கைப் போட்டார்.
எதிரே சுண்ணாம்புச் சுவர் ஒன்று எழும்பியது.
சின்ன விளக்குக்கு இறக்கினார்.
சுவர் நாலடி பின்வாங்கி
கொஞ்சம் தார் காட்டியது.
பனியில் வெளிச்சம் கூடினால் பார்வை குறையும்.
இருபத்திரண்டு வருடமாக இந்தத் தடத்தில் ஓட்டுகிறவர்
அதையெல்லாம் பேசமாட்டார். கியரை மாற்றுவார்.
"இறங்கி முன்னால நட, தவசி" என்றார்.

என் காக்கிச் சட்டை
ஐந்தாம் அடியிலேயே கரைந்துவிடுகிறதாம்.
வடுகபட்டிச் சந்தைக்குப் பூண்டு மூட்டையோடு ஏறிய குருவம்மா
தன் சிவப்புக் கம்பளியைக் கழற்றி
என் முதுகில் முடிந்துவிட்டாள்.
"திருப்பிக் குடுத்துரணும் கண்டக்டரே.
எனக்கும் குளிருது."

நடந்தேன்.
செல்போன் டார்ச்சுக்கு என் செருப்பு வரைதான் எட்டியது.
இடது கை மலையைத் தடவிக்கொண்டே வந்தது:
பாறை, பாசி, பெரணி, பாறை.
கைக்கு ஒன்றும் அகப்படாத இடத்தில் ஓடைச் சத்தம்.
ஒரு விசில், நில்.
இரண்டு விசில், வா.

மத்தியானம் வைகை அணைப் பக்கம்
ஏதோ ஒரு கொடியில் சேலை காய்ந்திருக்கும்.
ஏதோ ஒரு வயல் வேர்த்திருக்கும்.
அந்த ஈரமெல்லாம் டிக்கெட் எடுக்காமல்
காற்றின் தோளில் சரிவேறியிருக்கிறது.
ஏற ஏறக் குளிர்ந்து,
மேற்கொண்டு ஆவியாய் இருக்க முடியாமல்,
தூசி, அடுப்புப் புகை,
கிடைத்த துணுக்கில் தொற்றித் துளியாகி,
விழக்கூடக் கனமில்லாமல்
வழியிலேயே தங்கிவிட்டது.
கொஞ்சம் என் மீசையிலும்.

வத்தலக்குண்டிலிருந்து வீட்டுக்காரி கூப்பிட்டாள்.
"மலை உச்சியில மேகம் அப்பிக்கெடக்கு,
பாக்க அம்புட்டு அழகு. எங்க இருக்கீக?"
அதுக்குள்ளதான், என்றேன்.

பிறகு, நான் ஊதாத விசில் ஒன்று கேட்டது.

எதிரொலி என்று நினைத்தேன்.
ஒன்று ஊதிப் பார்த்தேன்.
இரண்டாகத் திரும்பி வந்தது.

நீட்டிய கை ஒரு தோல்பையில் இடித்தது.
உள்ளே சில்லறை குலுங்கியது.
என்னைப் போலவே ஒருவன்,
தலையில் பாலிதீன் பை, வாயில் விசில்.
அவனுக்குப் பின்னால் எங்கேயோ உறுமியபடி
அவனுடைய பேருந்து.
ஒரு முழ தூரத்தில் முகம்.
வலது புருவத்தை வெட்டிக்கொண்டு பழைய தழும்பு.
"எந்த டிப்போ?"
"பழனி."

ஒரு வண்டிக்கு மட்டுமே இடம்.
ஏறுகிற வண்டிக்கு வழி விடணும், அதுதான் மலைச் சட்டம்.
"நாந்தான் ஏறுறேன்" என்றார் அருளப்பன்.
"நாந்தான்" என்றது பனி,
இன்னொரு டிரைவரின் தொண்டையில்.
அந்த இடத்தில்
ஏற்றமா இறக்கமா என்று சாலைக்கே தெரியாது.

தழும்புக்காரன் தண்ணீர் பாட்டிலைத் திறந்து
தாரில் ஊற்றினான்.
இரண்டு டார்ச்சும் குனிந்தன.
தண்ணீர் கொஞ்ச நேரம் யோசித்தது.
அப்புறம் மெல்ல நெளிந்து
எங்கள் வண்டிப் பக்கம் வந்தது.

மலையேறி வந்த தண்ணீர் மறைத்ததை
இறங்கிப் போன தண்ணீர் காட்டிக்கொடுத்தது.

அவன் எதுவும் பேசவில்லை.
திரும்பி நடந்து
விசிலால் தன் வண்டியைப் பின்னுக்கு இழுத்துப் போனான்.
கடைசி விசில் எங்கிருந்து வந்ததென்று
எனக்குத் தெரியவில்லை.

மறுநாள் பளிச்சென்று வெயில்.
தோட்டத்துப் பூண்டுத் தாளை எண்ணிவிடலாம் போலிருந்தது.
அதே வளைவுக்குக் கொஞ்சம் மேலே
பழனி வண்டி எங்களைத் தாண்டிப் போனது.
படிக்கட்டிலிருந்து ஒரு காக்கிக் கை உயர்ந்தது.
நானும் கையைத் தூக்கினேன்.
தழும்பைப் பார்ப்பதற்குள் போய்விட்டான்.

சிவப்புக் கம்பளி என் இருக்கைக்கு அடியில் கிடக்கிறது,
இன்னும் காயாமல், பூண்டு நாற்றத்தோடு.
கொடைக்கானலில் குருவம்மா இறங்கியதை
நான் பார்க்கவில்லை.