இடது ஆள்காட்டி விரல்

பீன்யா இரண்டாம் ஸ்டேஜில்
பேரிங் கம்பெனிக்கும் பெயின்ட் பட்டறைக்கும் நடுவே
மாடியில் இருக்கிறது எங்கள் லேப்.
ஊறுகாய், அப்பளம், சிப்ஸ், சாஸ்,
ஒருமுறை யாரோ தூக்கிவந்த மாட்டுத் தீவனம்.
எது வந்தாலும் என்னிடம் ஒரே கேள்வி:
உப்பு எவ்வளவு?

நாக்குக்கு இங்கே வேலையில்லை.
கரைத்து, வடிகட்டி, மஞ்சள் சொட்டு இரண்டு விட்டு
ப்யூரெட்டின் திருகை இடது கையால் திறப்பேன்.
குடுவையை வலது கை சுழற்றும்.
சில்வர் நைட்ரேட் விழ விழ
பால் திரிந்தாற்போல் வெள்ளை.
இன்னும் வெள்ளை.
இன்னும்.
பிறகு ஒரே ஒரு சொட்டில்
செங்கல் நிறம் வந்து, போகாமல் நிற்கும்.
அங்கே நிறுத்தத் தெரிவதற்குத்தான்
பதினாறு வருஷமாகச் சம்பளம்.

கையுறை இருக்கிறது, பெரிய சைஸ் மட்டும்.
அதனால் கழற்றிவிடுவேன்; அதனால் தெறிக்கும்.
தெறித்த அன்றைக்கு ஒன்றும் தெரியாது, வெறும் தண்ணீர்.
வீட்டுக்கு வந்து, கீரை ஆய்ந்து, தூங்கி எழுந்து
ஜன்னல் வெளிச்சத்தில் பால் பாக்கெட் வெட்டும்போது
விரல் கறுத்திருக்கும்.
என் வியர்வையின் உப்பையும் அது அளந்துவிட்டது.
ரிப்போர்ட் மட்டும் தரவில்லை.

ஓட்டு நாளன்றும் அப்படித்தான்.
ஸ்ரீராம்புரம் கார்ப்பரேஷன் பள்ளி, அறை எண் மூன்று.
பெஞ்சில் இருந்தவர் என் இடது கையை வாங்கி
மை வைக்கப் போய், நிறுத்திவிட்டார்.
ஆகலே ஹாக்கிதீரல்லா மேடம்?
இல்லை சார், இது வேலையில் பட்ட கறை.
இன்னொருவர் எழுந்து வந்து குனிந்து பார்த்தார்.
கட்டைவிரல், ஆள்காட்டி, நகக்கண் வரை கருப்பு.
அவர் வைப்பதைவிட என்னுடையது அழுத்தம்.
உங்கள் பாட்டிலிலும் இதேதான் சார் இருக்கிறது என்றேன்.
அவர் பாட்டிலைத் தன் பக்கம் நகர்த்திக்கொண்டார்.

பின்னால் ஹெல்மெட்டோடு நின்ற ஆள்
தமிழில், எனக்காகவே, சத்தமாக:
சோத்துல உப்புப் போட்டுத் தின்றவங்க
ரெண்டாவது வாட்டி வந்து நிப்பாங்களா?

எத்தனையோ தடவை கேட்ட வசை.
அன்றைக்குத்தான் கணக்குச் சொல்லத் தோன்றியது.
காலையில் நீங்கள் தின்ற இட்லியில்
ஒன்றுக்குக் கால் கிராம், ஐயா.
தொட்டுக்கொண்ட மாங்காய் ஊறுகாயில்
நூற்றுக்குப் பன்னிரண்டு.
எங்கள் வீட்டில் அதைவிடக் குறைவு,
அவருக்கு பிரஷர் நூற்றைம்பதைத் தாண்டியதிலிருந்து.
ரோஷத்துக்கு எத்தனை கிராம் வேண்டுமென்று
என் அலமாரியில் இருக்கும் எந்தப் புத்தகத்திலும் போடவில்லை.

சொல்லவில்லை.
விரலை நீட்டியபடியே நின்றேன்.
வரிசை நீண்டது. யாரோ மணி கேட்டார்கள்.
பட்டியலைப் புரட்டி, ஸ்கேல் வைத்து இறக்கி,
அறுநூற்றுப் பதினான்கு, வேதவல்லி,
பெயர் மேல் கோடு விழவில்லை என்று கண்டுபிடித்து
சுத்தமான விரலைத் தேடினார்கள்.
கிடைத்தது சுண்டுவிரல்.
நான்கு பேர் ஆடும் ஆட்டத்தில்
உப்புக்குச் சப்பாணியாய் எப்போதும் ஓரம் நிற்பது.
அதன்மேல் ஒரு ஊதாக் கோடு.

பொத்தானை அதைக் கொண்டே அழுத்தினேன்.

சாயங்காலத்துக்குள் கோடும் கறுத்துவிட்டது.
எது அரசாங்கத்தின் வெள்ளி, எது அப்பளக் கம்பெனியினுடையது?
சோப்புப் போட்டுத் தேய்த்தேன், இரண்டுமே அசையவில்லை.
நகம் வளர்ந்து வெட்டினால்தான் போகும்.
மற்றவர்கள் போட்டோ அனுப்பிக்கொண்டிருந்தார்கள்,
ஒற்றை விரல், ஒற்றைக் கோடு, பின்னால் சிரிப்பு.
நான் என் கையை எடுக்கவில்லை.
எத்தனை ஓட்டு என்று கேட்பார்கள்.

மறுநாள் மேசையில் ஒரு புது பாட்டில்.
எலுமிச்சை ஊறுகாய்.
'உப்பு பாதியே' என்று லேபிள், பச்சை எழுத்தில்,
பக்கத்தில் இதயம் ஒன்று வரைந்து.
கரைத்தேன். வடிகட்டினேன். மஞ்சள் சொட்டு இரண்டு.
இடது கை திருகைத் திறந்தது.

வெள்ளை.
இன்னும் வெள்ளை.
பாதி ப்யூரெட் காலி,
இன்னும்.