பக்கம் இரண்டு, நாலாவது பாட்டு

செவ்வாய்ப்பேட்டையில் கடை சாத்தி
ஒன்பதரைக்கு மேல்தான் எங்களுக்குப் பொழுது.
நான் இங்கே. ரொசாரியோ மேலே ஏற்காட்டில்,
காப்பிக் கிடங்குக்குப் பின்னால் ஒற்றை அறையில்.
அவரிடம் லண்டன் அச்சு, என்னிடம் கல்கத்தா அச்சு.
அட்டை ஒன்றுதான்:
நீலத்தில் நனைந்த ட்ரம்பெட், பன்னிரண்டு பாட்டு,
அதே வரிசை, அதே பெயர்கள்,
பின்பக்கத்து எழுத்துப் பிழைகூட அதே.
மூன்றாவது ஒன்று, ஜப்பானில் அச்சானது,
ஓசூரில் ஒரு பல் டாக்டரிடம் இருக்கிறதாம்.
தொட விடமாட்டாராம்.

"மூணு, ரெண்டு, ஒண்ணு" என்கிறார் போனில்.
நாலாயிரம் அடி உயர வித்தியாசத்தில்
இரண்டு ஊசிகள் ஒன்றாக இறங்குகின்றன.

முதல் பக்கத்தில் சண்டையில்லை.
என்னுடையது கொஞ்சம் மங்கல்,
நகலுக்கு நகல் எடுத்து வெட்டியிருப்பார்கள்.
எனக்குச் சிம்பல் மணலாகக் கொட்டுகிறது,
அவருக்குக் கண்ணாடியாக உடைகிறது.
மூலம் ஒன்று, கைமாறிய தடவைதான் வேறு.
எழுதிக்கொள்கிறேன்.

இரண்டாம் பக்கம், நாலாவது பாட்டு.
ஒரு நிமிஷம் தாண்டியதும்
நான் அரைத் தாளம் முந்துகிறேன்.
"கரண்டு" என்றேன்.
"உங்க பெல்ட்டு, செங்கமலம்" என்றார்.
பெல்ட்டை மாற்றினேன். மறுபடி.
அதே இடத்தில் மறுபடியும் முந்தினேன்.
வேகம் கூடியிருந்தால் சுருதியும் ஏறியிருக்கும்.
ஏறவில்லை.

அப்புறம்தான் கேட்டது அந்தச் சிரிப்பு.
ட்ரம்பெட் ஒரு ஸ்வரத்தைத் தவறவிட்டு
அடுத்ததைப் பிடிக்கும் இடைவெளியில்,
மைக்குக்கு ரொம்ப தூரத்தில் யாரோ,
ஆணா பெண்ணா தெரியவில்லை,
மூக்கால் சிரிக்கிறார்கள்.
அவர் வட்டில் சறுக்கலும் இல்லை, சிரிப்பும் இல்லை.

கொலுசில் முத்திரை பார்க்கும் லென்ஸை எடுத்து
லேபிளுக்குப் பக்கத்து வெற்று வளையத்தில் குனிந்தேன்.
ஓர் எண்ணைக் கீறி அழித்து
மேலே இன்னோர் எண்.
அவசரத்தில் எழுதிய கை. ஏழு ஒன்றுபோல இருக்கிறது.

என் பிழைப்பு வெள்ளிக்கு டச் பார்ப்பது.
அறுபத்தைந்து, எழுபது, எண்பது என்று சொல்லிவிடுவேன்.
எந்தக் காலிலிருந்து கழன்றது,
அடகிலா, சண்டையிலா, ஆஸ்பத்திரி வாசலிலா,
அது வெள்ளிக்கே தெரியாது.
உருக்கினால் எல்லாம் ஒரே கட்டி.
இங்கே பாருங்கள்,
கீறி அழித்த பிறகும் ஓர் எண் பிடிவாதமாக நிற்கிறது.

"தள்ளிப்போட்ட டேப்பை உங்களுக்கு அனுப்பிட்டான்" என்றார் ரொசாரியோ.
"முப்பது வருஷமா நீங்க கேட்டது தப்பான பாட்டு."
ஜெயித்த குரல்.
கொஞ்ச நேரம் போனில் மழை மட்டும் கேட்டது, மேலே பெய்வது.
பிறகு, வேறு குரலில்:
"அந்த இடத்தை இன்னொரு தரம் போடுங்க."

போட்டேன். அவரும் பழக்கத்தில் போட்டார்.
சறுக்கல் வந்தது. சிரிப்பு தொடங்கியது.
அந்த நொடியில் செவ்வாய்ப்பேட்டை முழுக்கக் கரண்டு போனது.
தட்டு தளர்ந்து சுற்ற,
சிரிப்பு கீழே கீழே இறங்கி
எருமை செருமுவதுபோல ஆகி நின்றது.

இருட்டில் போனைக் காதில் வைத்திருக்கிறேன்.
மேலே கரண்டு இருக்கிறது.
அவர் பாட்டு தொடர்ந்து ஓடுகிறது,
ஒரு பிழையும் இல்லாமல்,
யாரும் சிரிக்காமல்.