ஏழாம் எண் வீடு

பதினெட்டுக் குடும்பம், பதினெட்டு வீடு.
இரண்டு வருஷம் எல்லோரும் சேர்ந்துதான் கட்டினோம்,
யாருக்கு எது என்று தெரியாமல்.
இன்று மோன்டேவீடியோவில் மழை.
பெயிண்ட் வாளியில் மடித்த சீட்டுகள்.

ஏழாம் எண்ணின் பின்சுவர் என் கைவேலை.
தூக்குக்குண்டு பிடிக்காமல் எழுப்பினேன்;
முந்தின இரவின் குடி இன்னும் கண்ணில் இருந்தது.
பூச்சு பூசி மறைத்தேன். சுவருக்குத் தெரியும்.

பதினெட்டில் ஒன்று, அவ்வளவுதானே என்றிருந்தேன்.
எட்செவெரி எடுத்தார்: மூன்று.
பதினேழில் ஒன்று.
மில்த்தா எடுத்தாள்: பதினாறு. சீட்டை முத்தமிட்டாள்.
எடுத்த சீட்டு வாளிக்குத் திரும்புவதில்லை;
ஒவ்வொருவர் சிரிப்பும்
என் பின்னத்தின் அடியில் ஒரு செங்கல்லை உருவியது.

வரிசையில் எங்கே நின்றாலும் வாய்ப்பு ஒன்றே.
தெரியும், பள்ளியில் படித்ததுதான்.
ஆனால் அது வாளியைப் பார்க்காதவன் கணக்கு.

ஆறில் ஒன்று. நான்கில் ஒன்று.
ஏழு மட்டும் வரவே இல்லை.

கடைசியில் நானும் நெல்பாவும்.
பாதிக்குப் பாதி.
கைவிட்டுத் துழாவினாள், இரண்டே சீட்டில்
அத்தனை நேரம்.
பிரித்தாள். கண்களைச் சுருக்கினாள்.
"கண்ணாடி எடுத்து வரலை,
நீயே வாசி" என்று
என்னிடம் நீட்டினாள்.