ஏழாவது சுருள்

கதைப்படி பயில்வான் நவநீதம்
தங்கம் தேடி மலையேறுகிறான்.
பனியில் சாகக் கிடக்கிறான்.
இந்த மலையில் அப்படிப் பனி கொட்டாது என்று
பூம்பாறையில் எல்லோரும் சொன்னார்கள்.
வரதையா கேட்கவில்லை.
மூன்று மூட்டை உப்பு, இலவம்பஞ்சு,
கழுதை மேல் வந்தன.

கைப்பிடி சுற்றுகிறவர் ராயப்பன்.
அவர் விரல் விறைத்தால் நான்.
நொடிக்கு இரண்டு சுற்று,
மனசுக்குள் எண்ணிக்கொண்டே.

மன்னவனூர் தாண்டிய சோலையில்
மூன்றாம் நாள் மஞ்சு இறங்கியது.
முன்னால் போனவன் முதுகு தெரியவில்லை.
அரிசி சுமந்த கழுதை
எந்தப் பக்கம் போனதோ.
உப்பு மட்டும் எங்களோடு இருந்தது.

பசியை நடித்துக் கைதட்டு வாங்கிய நவநீதம்
பசித்தபோது
கல் மாதிரி உட்கார்ந்திருந்தான்.
டோரத்தியின் உதடு நாவற்பழ நிறம்.
"கட்டையெல்லாம் தண்ணி குடிச்சிருக்கு சாமி"
என்றான் சடையாண்டி. தீக்குச்சி நாலு மிச்சம்.
ராயப்பன் என்னைப் பார்த்தார்.
பிலிம் எப்படிப் பற்றும் என்று
ஆறு பேரில் எங்கள் இருவருக்கும் தெரியும்,
இன்னொருவருக்கும்.

வரதையா பெட்டி மேல் படுத்துக்கொண்டார்.
சம்சாரத்தின் ஒட்டியாணம்,
செங்கல்பட்டுப் பக்கம் நாலு காணி,
எல்லாம் அதற்குள்தான் சுருண்டிருந்தன.
நடுச்சாமத்தில் அவரே எழுந்து
தகர டப்பாக்களைத் தடவித் தடவி
ஏழாவதை நீட்டினார்.
அதில்தான் அவன் பிழைப்பான்.
"வெளிச்சம் படாமல் திற" என்றார்,
பழக்க தோஷம்.

வெள்ளையாகச் சீறியது.
என் இடது புருவம் போயிற்று.
ஈரக்கட்டை இருமி இருமிப் பிடித்துக்கொண்டது.

அடுத்த வருஷம்
திண்டுக்கல் கொட்டகையில், ராத்திரிக்கு எட்டணா,
திரையோரம் கம்போடு நின்று
எழுத்துத் தெரியாதவர்களுக்குப் படம் சொன்னேன்.
ஆறாவது சுருளில் அவன் விழுவான்.
பிறகு ஓர் அட்டை: 'மறுநாள் காலை.'
எட்டாவதில் வெளுத்த வேட்டியோடு
வீட்டு வாசலில் நிற்பான்.

எப்படிப் பிழைச்சான்?
மணல் தரையிலிருந்து கேட்பார்கள்.
முருகன் வந்தான் என்றேன், காசு எறிந்தார்கள்.
கரடி வழிகாட்டியது என்றேன், குழந்தைகள் எழுந்து நின்றன.
ஒருநாள் ஜுரம், கட்டிச்சொல்லத் தெம்பில்லை.
நடந்ததைச் சொன்னேன்.

"ரீல் விடாதே" என்றான் முன்னாலிருந்தவன்.
ஆர்மோனியக்காரர் கூடச் சிரித்தார்.